ரெண்டு உதை குறையுது

(அட்லான்டா. ஜார்ஜியா டெக் கல்லூரியின், முன்பு கிரான்ட் ஃபீல்ட் எனப்பட்ட மைதானத்து வாசல். காரை நிறுத்த இடம் தேடிப் போன மகனும் மருமகளும் முக்கால் மணி நேரமாகத் திரும்பவில்லை. திண்டில் இரண்டு சம்பந்திகள்: மாப்பிள்ளையின் அப்பா சாமிநாதன், கும்பகோணத்துப் பத்திர எழுத்தர், பெண்ணின் அப்பா முத்தையா, கோவில்பட்டியில் கடலைமிட்டாய்க் கடை. நடுவில் மிட்டாய்ப் பொட்டலம்.)

முத்தையா: சம்பந்தி, நம்ம முதுகுக்குப் பின்னால இருக்கே, இந்த மைதானத்துலதான் நடந்துச்சாம். 1916 அக்டோபர் 7. மாப்பிள்ளை நேத்து ராத்திரி சொன்னாரு.

சாமிநாதன்: எது?

முத்தையா: இந்தக் காலேஜ் கம்பர்லேண்ட்னு ஒரு காலேஜை ஃபுட்பால்ல 222-க்கு 0-ன்னு அடிச்சது.

சாமிநாதன்: 222 கோலா? கோல்கீப்பர் என்ன, ஊருக்குப் போயிருந்தானா?

முத்தையா: இது இவங்க ஊரு ஃபுட்பால். பந்தை அக்குள்ல இடுக்கிக்கிட்டு ஓடணும். எதிராளி பக்கத்துக் கடைசிக் கோட்டைத் தாண்டுனா 6 பாயிண்ட். தாண்டுன பொறவு ஒரு உதை, அது சரியாப் போனா இன்னும் 1. அன்னைக்கு 32 தடவ தாண்டியிருக்காங்க.

சாமிநாதன்: (விரல் விட்டு எண்ணி) முப்பத்திரண்டு ஆறு 192. 32 உதையும் போயிருந்தா 224. அப்ப ரெண்டு உதை குறையுதே?

முத்தையா: ஏ அப்பா! ஒரு ஊரே அடிவாங்கிக் கிடக்கு, உங்க கண்ணுக்கு அந்த ரெண்டுதான் தெரியுது.

சாமிநாதன்: கணக்குன்னா கணக்கு சம்பந்தி. சரி, அவ்வளவு நோஞ்சான் பசங்க எதுக்கு ஆட வந்தாங்க?

முத்தையா: அங்கதான் உங்க தொழில் வருது. அவங்க டென்னசில, லெபனான்னு ஒரு ஊருக்காரங்க. காலேஜ்ல ஃபுட்பால் டீமையே கலைச்சுட்டாங்க. ஆட்டம் வேண்டாம்னு பாத்தா, முன்னாலயே அக்ரிமென்ட் போட்டிருக்கு. வரலைன்னா 3,000 டாலர் அபராதம்.

சாமிநாதன்: (நிமிர்ந்து உட்கார்ந்து) 1916-லயா? அப்படி ஷரத்து போட்டவன் கைக்குத் தங்கக் காப்பு போடலாம். வந்தா?

முத்தையா: வந்தா 500 டாலர் இவங்க தருவாங்க.

சாமிநாதன்: வந்தா 500, வராட்டி 3,000. ஆக வரலைன்னா 3,500 நஷ்டம். நானா இருந்தாலும் வந்திருப்பேன், வேட்டியை மடிச்சுக் கட்டிக்கிட்டு.

முத்தையா: அவங்களும் அப்படித்தான். வக்கீலுக்குப் படிக்கிற பசங்க, அவன் இவன்னு கையில கிடைச்சவனை எல்லாம் சேத்துக்கிட்டு ரயில் ஏறிட்டாங்க.

சாமிநாதன்: வக்கீலுக்குப் படிக்கிறவன் ஒருத்தன்கூட அந்த அக்ரிமென்ட்ல ஓட்டை கண்டுபிடிக்கலையா? என்ன படிச்சானோ.

முத்தையா: ஆட்டம் நாலு பாகம். முதல் பாகத்துல 63. ரெண்டாவதுலயும் 63. பாதி ஆட்டத்துல 126-க்கு 0. அப்ப இந்த டீமோட கோச், ஹெய்ஸ்மன்னு பேரு, இன்னைக்கும் அவர் பேருல பெரிய கோப்பை கொடுக்காங்க, அவரு தன் பசங்களைக் கூப்பிட்டு, "ஜெயிக்கிறோம்னு மெத்தனமா இருக்காதீங்க, அவங்க என்ன ஒளிச்சு வச்சிருக்காங்களோ"ன்னு சொன்னதா ஒரு கதை.

சாமிநாதன்: 126-க்கு அப்புறமா? அந்தப் பசங்க ஒளிச்சு வச்சது வீட்டுக்குத் திரும்புற ரயில் டிக்கெட்டா இருக்கும்.

முத்தையா: அதுலயும் ஒரு கதை இருக்கு. பந்து கைநழுவி உருண்டுச்சாம். விட்டவன் "எடுடா, எடுடா"ங்கான். பக்கத்துல நின்னவன், "நீதானே போட்ட, நீயே எடு"ன்னுட்டானாம்.

சாமிநாதன்: நியாயம்தானே? யாரு தவறவிட்டானோ அவன் பொறுப்பு.

முத்தையா: மூணாவதுல 54, நாலாவதுல 42. இத்தனைக்கும் ரெண்டாவது பாதியில நேரத்தைக் குறைச்சுட்டாங்க.

சாமிநாதன்: குறைச்சுமா! எதுக்கு இந்தக் கொலவெறி? அவங்க என்ன பண்ணாங்க இவங்களை?

முத்தையா: (மிட்டாயைக் கடக்கென்று கடித்து) அந்த வருஷம் பேஸ்பால் ஆட்டத்துல கம்பர்லேண்ட் இவங்களை 22-க்கு 0-ன்னு அடிச்சிருக்கு. வெளியில இருந்து சம்பளத்துக்கு ஆள் பிடிச்சு ஆட வச்சாங்கன்னு இவங்களுக்குக் கோவம். பேஸ்பாலுக்கும் அதே ஹெய்ஸ்மன்தான் கோச். மனசுல வச்சிருந்து திருப்பிக் கொடுத்துட்டாரு.

சாமிநாதன்: 22-க்கு 222-ஆ? மீட்டர் வட்டிகூட இவ்வளவு கிடையாதே.

முத்தையா: சொல்லாமக் கொள்ளாம வெளியாளைக் கூட்டிட்டு வந்தா யாருக்குத்தான் கோவம் வராது, சொல்லுங்க?

(மௌனம்.)

சாமிநாதன்: நீங்க கல்யாணப் பந்தியைச் சொல்றீங்க.

முத்தையா: நான் எதையும் சொல்லல. 150 இலைன்னு பேசுனோம். மூணாம் பந்தியில எங்க அண்ணன் இலையில பாயசம் விழல. அதை நான் சொல்லவே இல்லையே!

சாமிநாதன்: ரெண்டு வேன் கூட வந்துடுச்சு சம்பந்தி, முகூர்த்த நாள். (அவசரமாக) அது கிடக்கட்டும், அந்த வருஷம் மத்த ஆட்டமெல்லாம் என்னாச்சு?

முத்தையா: அதுதான் வேடிக்கை. அடுத்த வாரம் டேவிட்சன்னு ஒரு காலேஜ். எவ்வளவு அடிச்சாங்க தெரியுமா? 9.

சாமிநாதன்: 9-ஆ?

முத்தையா: 9-க்கு 0. அதுக்கடுத்து நார்த் கரோலினாகிட்ட 10-க்கு 6, முக்கி முனகி. அதுக்கப்புறம் வாஷிங்டன் அண்ட் லீ கூட 7-க்கு 7, சமன். அந்த சீசன்ல தோல்வியே கிடையாது. 8 வெற்றி, 1 சமன்.

சாமிநாதன்: மொத்தம் எத்தனை பாயிண்ட்?

முத்தையா: 9 ஆட்டத்துல 421.

சாமிநாதன்: அதுல 222 ஒரே நாள். மீதி 8 ஆட்டத்துக்கும் சேத்து 199. கடையில வருஷ வியாபாரத்துல பாதிக்கு மேல தீபாவளி அன்னைக்கே முடிஞ்ச மாதிரி.

முத்தையா: கடலைமிட்டாய்க்கு அப்படி ஒரு நாள் வந்தாச் சொல்லுங்க. அந்த ஆட்டத்துப் பந்து இருக்கே, 2014-ல ஏலத்துக்கு வந்து 40,000 டாலருக்கு மேல போச்சாம்.

சாமிநாதன்: அடிவாங்குனவனுக்கு 500, உருண்ட பந்துக்கு 40,000. (பெருமூச்சு) அக்ரிமென்ட்ல பந்து யாருக்குன்னு ஒரு வரி எழுதியிருக்கணும்.

முத்தையா: அது சரி சம்பந்தி, தை மாசம் உங்க புது வீட்டுக் கிரகப்பிரவேசம். பத்திரிகை அடிச்சாச்சா?

சாமிநாதன்: அடிச்சாச்சு, ஊரெல்லாம் கொடுத்தாச்சு. நீங்க அவசியம் குடும்பத்தோட வரணும்.

முத்தையா: வராம? எங்க பக்கத்துல சொல்லிட்டேன். பஸ்ஸும் பேசிட்டேன்.

சாமிநாதன்: பஸ்ஸா? எத்தனை?

முத்தையா: எங்க அண்ணன்தான் ஆள் சேக்காரு. இப்போதைக்கு மூணு.

சாமிநாதன்: (வியர்வையைத் துடைத்து) ஒரு பஸ்ஸுக்கு 50... சம்பந்தி, கிரகப்பிரவேசத்தைக் கொஞ்சம் தள்ளி வைக்கலாம்னு ஒரு யோசனை இருக்கு...

முத்தையா: தாராளமா. 3,000 டாலர். ரூபாயா வேண்டாம்.