கோர்னர் 1848-இன் அகதி அல்ல

"1848 புரட்சி தோற்றதும் ஜெர்மனியிலிருந்து ஓடிவந்த வக்கீல் குஸ்டாவ் கோர்னரை, லிங்கன்தான் இல்லினாய் துணை ஆளுநர் ஆக்கினார்" என்று மேலே ஒருவர் எழுதியிருக்கிறார். பெயரும் பதவியும் சரி, மற்றது தவறு.

கோர்னர் வந்தது 1833-இல். அந்த ஏப்ரலில் பிராங்க்பர்ட்டில் மாணவர்கள் காவல்சாவடிகளைத் தாக்கிய கலகத்தில் அவரும் இருந்தார், காயமும் பட்டார். பிரான்ஸ் வழியாகத் தப்பி, அமெரிக்காவின் இல்லினாய் மாநிலத்தில் பெல்வில் ஊர்ப் பக்கம் குடியேறினார். 1848-இல் அவர் ஏற்கெனவே இல்லினாய் உச்ச நீதிமன்ற நீதிபதியாகவே ஆகியிருந்தார்! ஜெர்மனியில் சட்டம் படித்தவர்தான், ஆனாலும் அமெரிக்கச் சட்டத்துக்காக கென்டக்கியில் மறுபடி வகுப்பில் உட்கார வேண்டியிருந்தது.

துணை ஆளுநர் பதவி நியமனமே அல்ல, தேர்தலில் வென்றது. அதுவும் 1852-இல், ஜனநாயகக் கட்சி வேட்பாளராக. லிங்கன் அப்போது எதிர் முகாமான விக் கட்சிக்காரர். அடிமைமுறை பரவ வழிவிட்ட 1854-இன் கான்சஸ்-நெப்ராஸ்கா சட்டம்தான் கோர்னரைத் தன் கட்சியோடு மோதவைத்தது. பிறகுதான் குடியரசுக் கட்சி.

லிங்கன் அவருக்குக் கொடுத்தது 1862-இல் ஸ்பெயினுக்கான அமெரிக்கத் தூதர் பதவி. அதே பதவியில் அவருக்கு முன் இருந்த கார்ல் ஷூர்ட்ஸ்தான் நிஜமான 1848-காரர், அதாவது அந்தப் புரட்சி தோற்று ஓடிவந்தவர். குழப்பம் அங்கிருந்து வந்திருக்கும் என்று நினைக்கிறேன்.

அப்புறம், கோர்னர் ஆளுநராகவும் இருந்தார் என்று கீழே இன்னொருவர் சொல்கிறார். இல்லை. 1872-இல் போட்டியிட்டு, குடியரசுக் கட்சியின் ஓகல்ஸ்பியிடம் தோற்றார்.