மூணு ரூபாய் தானுங்களா?

விலை ஏற்றுகிறவர்களுக்கு ஒரு சூட்சுமம் அத்துப்படி. சதவீதம் பெரிதாக இருந்தால் ரூபாயில் சொல்வார்கள். ரூபாய் பெரிதாக இருந்தால் சதவீதத்தில் சொல்வார்கள். பேக்கரியில் 12 ரூபாய் டீ 15 ஆனால், "மூணு ரூபா தானுங்க்கா." அது 25 சதவீதம்! வீட்டு ஓனர் வாய் திறந்தாலோ, "பத்து பர்சென்ட் தானுங்க, எல்லாப் பக்கமும் வழக்கந்தானே."

சரி, அந்தப் பத்தைப் பார்ப்போம். 10,000 வாடகை முதல் தடவை 11,000 ஆகிறது. அடுத்த தடவை 11,000க்கு மேல் பத்து, ஆக 12,100. மூன்றாவது தடவை 13,310. மூன்று பத்து முப்பது அல்ல, 33.1 சதவீதம்! அவர்கள் கணக்கில் வருசம் என்பதே 11 மாதம்தான், ஒப்பந்தம் அப்படித்தானே போடுகிறார்கள். மூன்று வருசம் முடிய இன்னும் மூன்று மாதம் இருக்கும்போதே மூன்று ஏற்றமும் முடிந்துவிடும். இத்தோடு விட்டாலும் பரவாயில்லை, "வாடகைக்குத் தகுந்த மாதிரி அட்வான்ஸையும் சேத்திக் குடுத்துருங்க" என்கிறவரிடம் என்ன பேசுவது?

எண்ணெய் ஆலைகள் நிறைந்த காங்கேயத்துக்குப் பக்கத்தில் இருந்துகொண்டு தேங்காய் எண்ணெய்க்கு அல்லாடுவோம் என்று யார் நினைத்தார்கள்? 2025இல் கொப்பரை விலை எகிறியதும் எண்ணெய் விலை கிட்டத்தட்ட இரண்டு மடங்கானது. அப்புறம் கொஞ்சம் இறங்கினால் போதும், "கால்வாசி குறைஞ்சிருச்சுங்க" என்று கடைக்காரருக்கு ஒரே பெருமை. பேச்சுக்கு 200 ரூபாய் 400 ஆனது என்று வையுங்கள். அதில் கால்வாசி போனால் 300. பழைய விலைக்கு இன்னும் 50 சதவீதம் மேலேதான் நிற்கிறது! பழைய இடத்துக்கு வர 400இல் பாதி குறைய வேண்டும். இதைச் சொன்னால் "அக்கா ரொம்பக் கணக்குப் பாக்கறீங்க" என்கிறார். பார்க்காமல்?

பிஸ்கட் பாக்கெட் விலையே ஏறுவதில்லை, ரொம்ப நல்லவர்கள். 100 கிராம் 80 ஆகியிருக்கும், அவ்வளவுதான். 20 சதவீதம் போச்சு என்று நினைப்போம். கிராமுக்குக் கொடுக்கும் காசு ஏறியது 25 சதவீதம்.

கரண்ட் பில் இன்னொரு கொடுமை. 500 யூனிட்டைக் கொஞ்சம் தாண்டினால் போதும், தாண்டிய யூனிட்டுக்கு மட்டுமா கூடுகிறது? 101 முதல் 200 வரைக்கும் கிடைத்த சலுகையும் சேர்ந்து போய்விடும்.

இத்தனைக்கும் ஈடாகச் சம்பளம் ஏற வேண்டுமே! எங்கள் வீட்டுக்காரருக்குக் கம்பெனியில் 8 சதவீதம் போட்டார்கள், பேசிக்கில் மட்டும். மொத்தச் சம்பளத்தில் பேசிக் பாதிதான். அப்போது ஏறுவது 4. அதையும் எந்த மாசத்திலிருந்து தருவார்கள் என்று கேட்டதற்கு, "தீவாளி போகட்டும், பாத்துக்கலாங்க."