கதாநாயகனுக்குப் பின்னால் தெரிகிற ஊர்

அந்த வீடியோவை இனி யாரும் எனக்கு அனுப்ப வேண்டாம். பார்த்துவிட்டேன். சென்னை சென்ட்ரல் பக்கத்தில் போனை முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டு நிற்கும் பெரியவர் என் அப்பா. குடை பிடித்திருப்பது நான். 'பழைய பட லொகேஷன் தேடும் பைத்தியங்கள்' என்று எழுதி, சிரிப்புச் சத்தம் வேறு சேர்த்திருக்கிறார்கள்.

பைத்தியம் இல்லை. பழைய படத்தில் கதாநாயகனுக்குப் பின்னால் தெரிகிறதே, அதுதான் எங்கள் ஊர். அதைத் தேடித்தான் போகிறோம்.

அப்பா சென்ட்ரலை ஒட்டி இருந்த மூர் மார்க்கெட்டில் பழைய புத்தகக் கடையில் வேலை பார்த்தவர். 1900-ல் திறந்த அந்தச் சிவப்புக் கட்டடம் 1985 மே மாதம் எரிந்துபோனது. இப்போது அங்கே புறநகர் ரயில் வளாகம். கடைக்காரர்கள் பலர் அல்லிக்குளம் வணிக வளாகத்துக்குப் போனார்கள், அப்பா போகவில்லை. பதினோரு வருஷம் உழைத்த இடத்தில் அவர் நிற்கிற போட்டோ ஒன்றுகூட வீட்டில் கிடையாது. அன்றைக்கு யாரிடம் கேமரா இருந்தது? ஒரு கறுப்பு வெள்ளைப் படத்தில் கார் திரும்பும்போது அந்த மார்க்கெட் கட்டடத்தின் வளைவுகள் நாலு விநாடி வரும். அதை நிறுத்தி நிறுத்திப் பார்ப்பார்.

"அதெல்லாம் ஸ்டுடியோவில் பின்னால் திரை கட்டி ஓட்டியது" என்று அந்த வீடியோவுக்குக் கீழே ஒருவர் விளக்கம் சொல்லியிருக்கிறார். சரி, திரைதான். திரையில் ஓடியது எது? மவுண்ட் ரோட்டுக்கே போய் எடுத்து வந்த மவுண்ட் ரோடு. ஸ்டியரிங்கைத் திருப்பியவர் நடித்தார். பின்னால் சைக்கிளில் போனவர் நடிக்கவில்லை. அவர்தான் எங்கள் ஊர்.

"அப்போ மெட்ரோ வேண்டாமா?" என்று இன்னொருவர் கேட்கிறார். நான் தினமும் மெட்ரோவில்தான் வேலைக்குப் போகிறேன். உட்லண்ட்ஸ் டிரைவ்-இன் ஓட்டலை 2008-ல் மூடி, அங்கே செம்மொழிப் பூங்கா வந்தது. என் பிள்ளைகள் அந்த மர நிழலில் ஓடியாடி வளர்ந்தவர்கள். மாறக் கூடாது என்று யார் சொன்னது? முன்னால் இங்கே என்ன இருந்தது என்று கேட்கக்கூடவா கூடாது?

அந்தக் காலத்துத் தண்ணீர்ப் பஞ்சத்தை எனக்கு நினைவூட்டுகிறவர்களுக்குப் பதில் சொல்லப் பொறுமை இல்லை. விடிகாலையில் குழாயடியில் குடத்தோடு நின்றவள் நான்.

வெளிநாட்டில் சினிமா எடுத்த தெருவில் நின்று நீங்கள் செல்ஃபி போட்டால் நாங்கள் லைக் போடுகிறோம். எழுபத்தெட்டு வயசு மனுஷன் தன் சொந்த ஊரில் நின்றால் மட்டும் சிரிப்பு வருகிறதா? அவருக்குப் போன் பார்க்கத் தெரியும். அந்த வீடியோவை அவரும் பார்த்தார். ராத்திரி சாப்பிடவில்லை.

வீடியோ எடுத்தவர் பாதியிலேயே போய்விட்டார் போல. அதற்கப்புறம் அப்பா ரிப்பன் மாளிகை மணிக்கூண்டை அடையாளம் வைத்து, வண்டி நிறுத்தும் இடத்தில் அடி எண்ணி நடந்தார். இரண்டு பைக்குகளுக்கு முன்னால் நின்று, "இங்கதாம்மா கல்லாப்பெட்டி" என்றார். காவலாளியிடம் பைக்கைக் கொஞ்சம் நகர்த்த முடியுமா என்று கேட்டேன். ஏன் எதற்கு என்று கேட்காமல் நகர்த்திக் கொடுத்தார். அப்பா சட்டைக் காலரைச் சரிசெய்துகொண்டு போய் நின்றார். போட்டோ எடுத்தேன்.