நாற்பது நொடி பொறுக்கக் கூடாதா மச்சான்?

கோல்ஃபுக்காகத் தூக்கம் கெடுவது எனக்குப் பெரிய விஷயம் இல்லை. மாஸ்டர்ஸ் என்ற பெரிய கோல்ஃப் போட்டி அமெரிக்காவில் ஞாயிறு மாலை முடிந்தால் நமக்குத் திங்கள் விடியற்காலை, சரி, அது யார் குற்றமும் இல்லை. என் பிரச்சினை துபாயில் இருக்கும் மச்சான்தான்.

2025 ஏப்ரல் 14, சித்திரை முதல் நாள். கீழக்கரையில் எங்கள் வீட்டு மொட்டைமாடியில் நள்ளிரவு 12 மணியிலிருந்து போனும் கையுமாக உட்கார்ந்திருக்கிறேன், ஏனென்றால் அங்கேதான் சிக்னல் கொஞ்சமாவது நிற்கும். கிட்டத்தட்ட 11 வருடமாக ஒரு மேஜர்கூட (வருடத்தின் நான்கு பெரிய கோல்ஃப் போட்டிகளில் ஒன்றுகூட) ஜெயிக்காத ரோரி மெக்கில்ராய், மாஸ்டர்ஸ் நடக்கும் அகஸ்டா மைதானத்தில் 17வது முறையாக ஆடுகிறவர், கடைசியான 18வது குழியில் கிட்டே இருந்த பந்தை உள்ளே தள்ள முடியாமல் தவறவிட்டு, ஜஸ்டின் ரோஸோடு சமமாகி, வெற்றியாளரை முடிவுசெய்யும் பிளேஆஃப் ஆட்டத்துக்குப் போய்விட்டார். மறுபடி அதே குழி. பந்து கொடிக்குப் பக்கத்தில் வந்து நிற்கிறது. அவர் குனிகிறார். எனக்கு நெஞ்சு படபடக்கிறது. டிங்! துபாயிலிருந்து மெசேஜ்: "ஜெயிச்சுட்டான் மச்சான்!"

அங்கே வைஃபை பறக்கும். இங்கே வீடியோ துண்டு துண்டாக வந்து சேர்ந்துதான் ஓடும், நாற்பது நொடியாவது பின்தங்கும். கிரிக்கெட் என்றால் பக்கத்து வீட்டுக் கூச்சலிலேயே விக்கெட் தெரிந்துவிடும், அது பழகிப்போனது. கோல்ஃப் பார்க்க இந்தத் தெருவில் என்னை விட்டால் ஆளே கிடையாது, அப்படியும் தப்ப முடியவில்லையே! நான்கு மேஜரையும் வென்ற ஆறாவது மனிதர் மண்டியிட்டு அழுததை, முடிவு தெரிந்த பிறகு பார்த்தேன்.

ஜூலையில் இன்னொரு மேஜரான ஓபன் வரும்போது மச்சானின் மெசேஜை ம்யூட்டில் போடப்போகிறேன். அக்கா கோபித்துக்கொண்டாலும் பரவாயில்லை.