எழுத்து இருந்தும் ஏன் இந்த நிலை?

அமெரிக்கப் பழங்குடி மக்களான செரோகிகளின் மொழிக்கு செக்வோயா என்பவர் எழுத்து உருவாக்கிய கதையை உங்கள் கட்டுரையில் அருமையாகச் சொல்லியிருக்கிறீர்கள். ஆனால் கட்டுரை எழுத்து உருவான 1821-லேயே நின்றுவிட்டது. அதன் பிறகு நடந்ததுதான் மனதைப் பிசைகிறது.

ஆங்கிலம் படிக்கத் தெரியாத வெள்ளிக் கைவினைஞரான செக்வோயா அசைக்கு ஒரு குறி என்று அமைத்தார். டபிள்யூ போலத் தெரியும் எழுத்துக்கு அங்கே 'ல' என்று ஒலி! சில ஆண்டுகளிலேயே மக்கள் சரளமாக எழுதப் படிக்கப் பழகிவிட்டார்கள். 1828-ல் செரோகிகளின் அன்றைய தலைநகரான, ஜார்ஜியாவில் உள்ள நியூ எச்சோட்டாவிலிருந்து 'செரோகி ஃபீனிக்ஸ்' என்று சொந்தப் பத்திரிகையே வந்தது. 1835-ல் ஜார்ஜியா மாநிலப் படை அந்த அச்சகத்தைப் பறிமுதல் செய்தது. மூன்றே ஆண்டுகளில் மக்களையும் துரத்தினார்கள். இன்றைய ஓக்லஹோமா மாநிலம் வரை நீண்ட அந்தக் கண்ணீர்ப் பாதையில் சுமார் 4,000 பேர் இறந்ததாகக் கணக்கு.

பின்னாளில் உறைவிடப் பள்ளிகளில் தாய்மொழி பேசிய பிள்ளைகளைத் தண்டித்தார்கள். மொழி நலிந்ததற்கு இதுவே முக்கியக் காரணம் என்பது என் கருத்து. அடி வாங்கிய தலைமுறை தன் பிள்ளைகளிடம் எப்படி அதைப் பேசும்?

2019-ல் மூன்று செரோகி பழங்குடி அரசுகளும் சேர்ந்து மொழிக்கு நெருக்கடி நிலையே அறிவித்தன. சரளமாகப் பேசுவோர் அப்போது ஏறத்தாழ 2,000 பேர்தான், பெரும்பாலும் முதியவர்கள். ஓக்லஹோமாவின் தாலக்வா நகரில் 2001 முதல் செரோகி வழியிலேயே பாடம் நடத்தும் பள்ளி இயங்குகிறது. அடுத்த கட்டுரையில் அந்தப் பள்ளியைப் பற்றி விரிவாக எழுதுங்கள் ஐயா.