கல்யாண கேசட்டில் இருக்கிற கடப்புறம்

போன வாரம், குமரி மாவட்டக் கடற்கரை ஊரான மணக்குடியைச் சேர்ந்த மாமியோடு உட்கார்ந்து சுனாமி பற்றிய ஓர் ஆவணப்படம் பார்த்தேன். 2004 டிசம்பர் 26, மேலமணக்குடி என்று பின்குரல் சொல்கிறது. திரையிலோ மாடி ஹோட்டல், நீச்சல் குளம், மிதக்கும் கார்கள். வேறு ஏதோ நாட்டில் எடுத்தது. மாமி கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "இது எந்தக் கடப்புறம் மக்களே?" என்று கேட்டார். எனக்கு வாயே வரவில்லை. அந்தக் காலையில் வீட்டைப் பறிகொடுத்தவர் அவர்.

இதைச் சின்னத் தவறு என்று என்னால் விட முடியவில்லை. அதைப் பார்க்கிற பள்ளிப் பிள்ளை, மணக்குடி அப்படித்தான் இருந்தது என்று நம்பிவிடும். காட்சி கிடைக்கவில்லையா, திரையைக் கறுப்பாக விட்டுவிட்டு மாமியைப் பேச விடுங்கள். அது போதும்.

உண்மையில் காட்சி இல்லாமலும் இல்லை. மாமியின் மூத்த மகள் கல்யாணம் 1996இல். அந்த வி.எச்.எஸ். வீடியோ கேசட் நாகர்கோவிலில் உறவுக்காரர் வீட்டில் கிடந்ததால் தப்பியது. வீடியோக்காரர் எடுத்தது என்னவோ பெண்ணையும் மாப்பிள்ளையையும்தான். ஆனால் வீட்டிலிருந்து கோயிலுக்கு நடந்து போகிற அந்தப் பத்து நிமிடத்தில், பின்னால் ஊரே இருக்கிறது. ஓட்டு வீடுகள், கரையேற்றிய கட்டுமரங்கள், காயப்போட்ட வலை, தூரத்தில் பழையாற்றுப் பாலம். அந்தப் பாலத்தையே கடல் பெயர்த்துப் போட்டுவிட்டது. வேறு ஒரு போட்டோகூட இல்லாத முகங்கள் அதில் சிரித்தபடி போகின்றன. எனக்கு இதுதான் ஆவணம்.

காந்தியைப் பற்றி 1940இல் ஆவணப்படம் தந்த ஏ.கே. செட்டியார், அதற்காக உலகமெல்லாம் அலைந்து 50,000 அடி படச்சுருள் சேர்த்தார். அவர் தமிழில் வெளியிட்ட அந்தப் படமே இன்று முழுசாக நம் கையில் இல்லை. அப்புறம் கல்யாண கேசட்டை யார் தேடி வந்து காப்பாற்றப் போகிறார்கள்?

கேசட்டை இப்போது வாங்கிப் பார்த்தால், கண்ணாடி வழியாக நாடாவில் வெள்ளைப் பூஞ்சை தெரிகிறது. நம் ஊர் ஈரக்காற்றுக்கு அது சீக்கிரம் பிடிக்கும். அந்த நிலையில் பிளேயரில் போட்டால் நாடா ஒட்டிக் கிழியலாம், பூஞ்சை அடுத்த கேசட்டுக்கும் தொற்றும். முதலில் சுத்தம் செய்யத் தெரிந்தவரிடம் கொடுக்க வேண்டும். இந்தக் கேசட்டை ஓட்டுகிற வி.சி.ஆர். பிளேயர் தயாரிப்பும் 2016இல் நின்றுபோனது. ஓடுகிற பழைய பிளேயர்கள் பழுதாவதற்குள் கேசட்டில் இருப்பதை டிஜிட்டலுக்கு மாற்றிக்கொள்ள வேண்டும். மாற்றியதை இரண்டு பிரதியாக இரண்டு வீட்டில் வையுங்கள். யார் எடுத்தது, எந்தத் தெரு, எந்தத் தேதி, யார் யார் இருக்கிறார்கள் என்று ஒரு தாளில் எழுதிக் கூடவே வையுங்கள். அந்தத் தாள் இல்லாததால்தான் எந்தக் கடலும் மணக்குடிக் கடலாகிவிடுகிறது.

படம் எடுப்பவர்களிடம் ஒன்று கேட்கிறேன். அகலத்திரைக்காகப் பழைய காட்சியின் மேலும் கீழும் வெட்டாதீர்கள். வெட்டுப்படுவது யாரோ ஒருவருடைய வீட்டுக் கூரை. இல்லாத அலறலைச் சேர்க்காதீர்கள். அழுகிற முகத்தைப் போடுமுன் அந்த வீட்டாரிடம் கேளுங்கள்.

குளச்சல், கொட்டில்பாடு, மணக்குடிப் பக்கம் 2004க்கு முந்தைய கல்யாணம், முதல் நன்மை (பிள்ளைகள் முதன்முதலாக நற்கருணை வாங்கும் சடங்கு), திருவிழா கேசட் வைத்திருப்பவர்கள் சொல்லுங்கள், நானே வந்து வாங்கிக்கொள்கிறேன். ஆசையில் ஒருமுறை போட்டுப் பார்த்துவிடாதீர்கள்.