261-க்குப் பிறகு நடந்ததைப் பேசுவோம்

நேற்றுக் காலை பெங்களூர் அல்சூர் ஏரியைச் சுற்றி ஓடிவிட்டு வாசலில் ஷூவைக் கழற்றிக்கொண்டிருந்தேன். பக்கத்து வீட்டு அத்தை கேட்டார்: "ஏன் கண்ணு, ரெண்டு பிள்ளை பெத்த உடம்பு, இப்படிக் குலுங்கக் குலுங்க ஓடினா கர்ப்பப்பை இறங்கிடாதா?" அக்கறையில் கேட்டதுதான், கோபம் வரவில்லை. ஆனால் அமெரிக்காவில் மாரத்தான் ஓடிய கேத்ரின் ஸ்விட்சரும் இதே பேச்சைக் கேட்டவர்தானே என்று நாள் முழுக்க மனசு அதையே சுற்றி வந்தது.

அவருடைய அந்தப் புகைப்படத்தைப் பார்த்திருப்பீர்கள். 1967, பாஸ்டன் மாரத்தான். கே.வி.ஸ்விட்சர் என்று எழுதிக் கொடுத்து 261-ஆம் எண் வாங்கி ஓடிக்கொண்டிருந்த இருபது வயதுப் பெண்ணை, பெண்கள் ஓடக் கூடாது என்று போட்டி நிர்வாகி ஜாக் செம்பிள் பாய்ந்து வந்து பிடித்து நம்பரைப் பிய்க்கப் பார்க்கிறார். கூட ஓடிய காதலர் சங்கிலிக் குண்டு எறியும் விளையாட்டு வீரர், அவருடைய ஒரே இடியில் செம்பிள் ஓரமாகப் போய் விழுந்தார். கேத்ரின் சுமார் 4 மணி 20 நிமிடத்தில் ஓடி முடித்தார்.

எனக்குப் பிடித்த கதை அதற்கு முன்னால் நடந்தது. பயிற்சி கொடுத்த ஆர்னி பிரிக்ஸ் ஒரு தபால்காரர், பாஸ்டனில் பல தடவை ஓடியவர். பெண்களால் அவ்வளவு தூரம் முடியாது என்றவரும் அவரே, பயிற்சியில் ஓடிக் காட்டு, நானே கூட்டிப்போகிறேன் என்றவரும் அவரே. சரியென்று இருவரும் 26 மைல் ஓடினார்கள், இன்னும் 5 மைல் ஓடலாமா என்று கேத்ரின் கேட்க, அதையும் ஓடி முடித்த இடத்தில் மனிதர் மயங்கி விழுந்துவிட்டார்! மறுநாளிலிருந்து அவர் கேத்ரின் பக்கம்.

அப்புறம் ஒன்று. பாஸ்டனில் முதலில் ஓடி முடித்த பெண் பாபி கிப். விண்ணப்பத்தை மறுத்ததால் 1966-இல் புதருக்குள் ஒளிந்திருந்து ஓடினார், 67-லும் எண் இல்லாமலே ஓடி கேத்ரினுக்கு வெகுமுன்பே முடித்தார். அவர் பெயரையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

என் ஆதங்கம் என்னவென்றால், நாம் அந்த ஒரு படத்தோடு கேத்ரினை நிறுத்திவிடுகிறோம். பாஸ்டன் பெண்களை முறைப்படி அனுமதித்தது 1972-இல்தான். கேத்ரின் 1974-இல் நியூயார்க் மாரத்தானில் பெண்களில் முதலிடம் வந்தார், 1975-இல் பாஸ்டனில் 2 மணி 51 நிமிடம், அதாவது எட்டே வருடத்தில் ஒன்றரை மணி நேரம் குறைத்திருக்கிறார். அதைவிடப் பெரிய வேலை, ஏவான் அழகுப்பொருள் நிறுவனத்தைப் பணம் போட வைத்து நாடு நாடாகப் பெண்களுக்கென்றே ஓட்டங்கள் நடத்தியது. 1980-இல் லண்டனில் ஒன்று நடந்தது. பல நாட்டுப் பெண்கள் ஓடுகிறார்கள் என்று கண்ணெதிரே காட்டிய பிறகுதான் ஒலிம்பிக் குழு இறங்கி வந்தது. 1928-இல் 800 மீட்டர் ஓடிய பெண்கள் களைத்துப்போனார்கள் என்று சொல்லி 1960 வரை அந்த ஓட்டத்தையே எடுத்து வைத்திருந்தவர்கள் அவர்கள். 1984, லாஸ் ஏஞ்சல்ஸில் பெண்களுக்கு முதல் ஒலிம்பிக் மாரத்தான், ஜோன் பெனாய்ட்டுக்குத் தங்கம்.

2017-இல் எழுபது வயதில் அதே 261-ஐக் குத்திக்கொண்டு கேத்ரின் மறுபடி பாஸ்டனில் ஓடினார்.

இதையெல்லாம் அத்தையிடம் சொன்னேன். முழுக்கக் கேட்டுவிட்டு, "எழுபதிலா?" என்றார், அவருக்கு அறுபத்து மூன்று. ஞாயிறு காலை ஐந்தரைக்கு ஏரி வாசலில் நிற்பேன், பக்கத்தில் இருக்கிற தோழிகள் வாங்க. நடந்தாலும் சரி, ஓடினாலும் சரி.